விட்டு வைத்த பாசி

கரியாலூருக்கு மேலே மரங்களில் பிடிக்கும் கல்பாசி, பொழுது சாய்ந்தால் பச்சையாக ஒளிரும். பூங்காவனம் இருபது வருடமாக அதைச் சுரண்டி விற்கிறாள். ஆடாமல் அசையாமல் நிற்பதில்தான் அது பிடிக்கும். உள்ளங்கை அகலம் வளரப் பத்து மழைக்காலம் ஆகும். மறுபடி வளர வேண்டும் என்று ஒவ்வொரு மரத்திலும் ஒரு விரல் அகலம் விட்டு வைப்பாள்.

கேரளத்துக்கு மிளகு பறிக்கப் போயிருந்த அவள் புருஷன் ஏழுமலை, மூன்று மாதம் கழித்து இன்று சாயங்காலம் திரும்பினான். நேற்றுகூட போனில் பேசியிருந்தான். வெந்நீர் வைத்தாள். முதுகு தேய்த்துவிடச் சொல்லிச் சட்டையைக் கழற்றினான். தோளிலிருந்து இடுப்புவரை பாசி ஒளிர்ந்தது. ஐம்பது மழைக்காலம் நனைந்த மரத்தில்தான் அவ்வளவு பிடிக்கும். ஏழுமலைக்கு முப்பத்தெட்டு வயது.

“யோவ், அங்க இன்னா பண்ணிக்கினு இருந்த?”

“மொளகு பறிச்சிக்கினு இருந்தேன். ஏன்?”

“ஒண்ணுமில்ல. ஆடாம குந்து.”

காலையிலிருந்து ஏழு மரம் ஏறி இறங்கியிருந்தாள். மேற்கொண்டு கேட்கத் தெம்பில்லை. கத்தியை எடுத்துவந்து மேலிருந்து கீழாகச் சுரண்டினாள். வலிக்கிறது என்று அவன் சொல்லவில்லை.

“முடிஞ்சிச்சா?”

“முடிஞ்சிச்சு.”

நடுமுதுகில் ஒரு விரல் அகலம் மட்டும் விட்டு வைத்திருந்தாள்.