மைனா கேட்ட வாய்தா

குக்குறுவான் பறவை, முருங்கை மரத்தில் அலகு தேயக் குடைந்த பொந்தை, மழைக்காலத்துக்கு மட்டும் என்று மைனாவுக்கு விட்டிருந்தது. மழை நின்றும் மைனா கிளம்பவில்லை. குக்குறுவானின் மனைவிக்கோ முட்டையிடும் நேரம் நெருங்கிவிட்டது. வழக்கு நீதிபதி ஆமையிடம் போனது.

ஆமையின் நடையைப் பார்த்ததும் மைனாவுக்குக் குஷி. "ஓனர் சார், தீர்ப்பு வருவதற்குள் உங்கள் பேரன் கல்யாணமே முடிந்துவிடும்" என்று கண்ணடித்தது.

முதல் விசாரணையில், "தொண்டை கட்டிவிட்டது, வாய்தா வேண்டும்" என்று கணீரென்று கூவியது. அடுத்த முறை, "வக்கீல் காக்கை அமாவாசைச் சோற்றுக்குப் போயிருக்கிறார்" என்றது. ஆமை இரண்டுக்கும் தலையாட்டியது.

மூன்றாம் முறை, "என் மாமியாருக்கு இறகு உதிர்கிறது, ஐயா. நான் பக்கத்தில் இருந்தாக வேண்டும்" என்றது மைனா.

ஆமை மெல்லக் கழுத்தை நீட்டியது. "தாராளமாக வாய்தா தருகிறேன். ஆனால் அதுவரை பொந்தில் குக்குறுவான் குடும்பம் இருக்கும். நீ கிளையில் இரு."

குக்குறுவான் தம்பதி அன்றே குடியேறின. மறுநாள் பொழுது விடிவதற்குள் மைனா ஓடிவந்து ஆமையின் ஓட்டைப் படபடவென்று தட்டியது.

"ஐயா, வழக்கை இன்றைக்கே எடுங்கள்! நியாயத்தை இப்படியா இழுத்தடிப்பது?"