இணைப்பு கிடைக்கவில்லை

மடிக்கணினியை இரண்டு கையாலும் தாம்பாளம்போல ஏந்திக்கொண்டு பெரியவள் மாடியேறி வந்தாள்.

ஒரு வருஷமாக இந்தப் படியில் காலே வைக்காதவள்.

சின்னவள் கதவைப் பாதிதான் திறந்தாள். ஓரகத்தி வந்து நிற்பாள் என்று அவளுக்குத் தெரியும். சில நாளாக அதற்காகத்தான் காத்திருந்தாள்.

"லூடோ ஆட்டம் வரவே மாட்டேங்குதும்மா. இணைப்பு இல்லைன்னே காட்டுது. கொஞ்சம் பாரேன்."

சின்னவளின் காதில் தேன் பாய்ந்தது.

கீழ்வீட்டுக்கும் மாடிக்கும் ஒரே நெட். ரூட்டர் சின்னவளின் மேசைமேல் இருந்தது. அதன் அமைப்புகளுக்குள் போய், அந்த விளையாட்டுத் தளத்தை மட்டும் அடைத்து வைத்தவள் அவள்தான். மற்றதெல்லாம் ஓடும். பெரியவளின் லூடோ மட்டும் ஓடாது.

மத்தியானம் ஆனால் பெரியவளுக்கு அந்த ஆட்டம் வேண்டும். சோறு ஆறினாலும் கவலையில்லை. ஜன்னல் வழியாக அவள் சிரிக்கிற சத்தம் மாடிவரை வரும்.

அந்தச் சிரிப்பைத்தான் சின்னவளால் பொறுக்க முடியவில்லை.

போன வருஷம் சின்னவளின் மகள் வேலை கிடைத்தது என்று வீட்டைவிட்டுக் கிளம்பிய அன்று, பெட்டியின் மறுபக்கத்தைப் பிடித்துத் தூக்கியவள் இந்தப் பெரியவள். பஸ் ஏற்றிவிட்டும் வந்தாள். வாசலைத் தாண்டினால் நீ என் மகளே இல்லை என்று சின்னவள் சொன்ன சொல் வாசலிலேயே நின்றுவிட்டது. பிறகு மனசு கேட்காமல் போன் அடித்தபோது, அந்த நம்பரே உபயோகத்தில் இல்லை என்றது.

என் வீட்டைக் காலிசெய்தவள் தன் வீட்டில் உட்கார்ந்து சிரிப்பதா? கும்பிடும்போதுகூட இதே நினைப்பு. கடவுளும் தன் பக்கம்தான் என்று நம்பினாள்.

பெரியவளை உள்ளே வந்து உட்காரச் சொன்னாள்.

நாளெல்லாம் வீட்டிலிருந்தே போனில் யார் யாருக்கோ நெட் கோளாறுக்கு வழி சொல்வதுதான் சின்னவளின் உத்தியோகம். அங்கே சொல்லும் அதே பொறுமையோடு இங்கேயும் சொன்னாள். பக்கத்தைப் புதுப்பிக்கச் சொன்னாள். பிரவுசரில் சேர்ந்திருக்கும் பழைய குப்பையை அழிக்கச் சொன்னாள். அதோடு சேமித்து வைத்த பாஸ்வேர்டுகளும் போய்விடும் என்று தெரிந்தேதான் சொன்னாள். விளம்பரத் தடுப்பை நிறுத்தச் சொன்னாள். வேறொரு பிரவுசரை இறக்கச் சொன்னாள். கடைசியில் ரூட்டரையே அணைத்துப் போட்டு, விளக்குகள் ஒவ்வொன்றாக எரியும்வரை காக்க வைத்தாள்.

ஒவ்வொரு தடவையும் அதே வரிதான் வந்தது. இணைப்பு கிடைக்கவில்லை.

ஒவ்வொரு தடவையும் பெரியவளின் முகம் ஒரு சுற்று சிறுத்தது. சின்னவளுக்குப் பார்க்கப் பார்க்க வயிறு நிறைந்தது.

"கம்ப்யூட்டருக்கு வயசாயிடுச்சோ என்னவோ, அக்கா."

எனக்கும்தான் ஆச்சு என்று பெரியவள் தலையாட்டினாள்.

அவளுக்குக் கையைச் சும்மா வைத்திருக்கத் தெரியாது. ரூட்டர் விளக்குக்காகக் காத்திருந்த நேரத்தில், கட்டிலில் மலையாகக் கிடந்த துணியை இழுத்து மடிக்க ஆரம்பித்திருந்தாள். கொழுந்தனின் சட்டை, சின்னவளின் புடவை, தலையணை உறைகள். ஓர் உறையில் தையல் பிரிந்திருந்தது. ஊசி இருக்கிறதா என்று கேட்டாள்.

சின்னவளுக்கு எரிச்சலாக வந்தது. சண்டைக்கு வருகிறவளைத் தண்டிக்கலாம். துணி மடித்துத் தருகிறவளை எவ்வளவு நேரம் தண்டிப்பது?

போய்த் தொலையட்டும் என்று தன் போனை எடுத்தாள். ஏதோ செய்தி பார்ப்பதுபோலப் பார்த்து, அடைத்ததைத் திறந்துவிட்டாள். இப்போது பாருங்கள் என்றாள்.

பெரியவள் ஊசியைத் துணியிலேயே குத்திவைத்துவிட்டு வந்தாள். பாஸ்வேர்டை ஒற்றை விரலால் அடித்தாள். நான்கு நிறக் கட்டங்கள் விரிந்தன. அவசரத்தில் திரையைத் தன் பக்கம் திருப்பிக்கொள்ள மறந்துவிட்டாள்.

எதிரே பச்சைக் காய் ஆடுகிறவரின் பெயர் கட்டெறும்பு.

அந்தப் பெயரை இந்த உலகத்தில் ஒருத்திக்குத்தான் சின்னவள் வைத்திருந்தாள். பால்பல்லால் தோளைக் கடித்த நாளில்.

கட்டங்களுக்குப் பக்கத்தில், ஒன்றின் கீழ் ஒன்றாகச் செய்திகள் காத்துக்கிடந்தன.

பெரியம்மா, வரலையா?

இன்னைக்கும் ஆளைக் காணோம்.

அம்மாவுக்கு ஒண்ணும் இல்லையே? மறைக்காதீங்க.

எத்தனை நாளாக இது என்று சின்னவள் கேட்டாள்.

போன நாளிலிருந்தேதானாம். அம்மாவிடம் சொல்லக்கூடாது என்று மகள் சத்தியம் வாங்கியிருந்தாளாம். புது நம்பரைக்கூடத் தரவில்லையாம். குரலைக் கேட்டால் அழுதுவிடுவாளாம், அதனால் ஆட்டத்தில் மட்டும் வருவாளாம். தினமும் முதல் கேள்வி அம்மா சாப்பிட்டாளா என்பதுதானாம். பெரியவள் இதையெல்லாம் திரையைப் பார்த்தே சொன்னாள். பிறகு இன்னும் மெதுவாக ஒன்று சொன்னாள்.

"கீழே டிவி, போன் எல்லாம் நல்லாத்தான் ஓடிச்சும்மா."

அப்போதும் அவள் நிமிரவில்லை. ஒவ்வொரு எழுத்தாகத் தேடித் தேடி அடித்துக்கொண்டிருந்தாள்.

அம்மா நல்லா இருக்கா. இங்கே நெட்தான் கெட்டுப்போச்சு. உங்கம்மா தன் வேலையெல்லாம் போட்டுட்டு, கூடவே உக்காந்து சரிபண்ணிக் குடுத்தா.

அந்தப் பக்கம் பதில் எழுதுவதாகப் புள்ளிகள் துடித்தன. நின்றன. மறுபடி துடித்தன.

பெரியவள் மடிக்கணினியைச் சின்னவள் பக்கம் நகர்த்தி வைத்தாள். கட்டிலுக்குத் திரும்பிப் போய், விட்ட இடத்திலிருந்து தையலைத் தொடர்ந்தாள்.