தூணுக்குப் பின்னால்

படம் அவருடைய கைகளில் தொடங்கியது.

குனிந்து, ஷூவின் அடியை உள்ளங்கையால் துடைக்கிறார். ஒரு கால். பிறகு மறுகால்.

வடபழனியில் சின்ன பிரிவியூ தியேட்டர். கூடைப்பந்து ஆடிய அவள் கணவரைப் பற்றிய ஆவணப்படம். அவள் நிமிர்ந்து உட்கார்ந்தாள். பக்கத்து இருக்கையில் அவரே, அவள் கைமேல் கை வைத்தபடி.

அந்த ஷூக்களைத் துவைத்துக் காயவைத்தவள் அவள். அவை களத்தில் ஓடுவதைப் பார்த்தவள் இல்லை.

கல்யாணமான புதிதில் ஒரு ஆட்டத்துக்குப் போனாள். அவர் அணி ஒரு புள்ளியில் தோற்றது. காக்கை உட்காரப் பனம்பழம் விழுந்த கதைதான். ஆனால் விளையாட்டுக்காரர்களுக்குச் சந்தேகமெல்லாம் காக்கையின் மேல்தான் வரும். அண்ணி வந்தால் ராசியில்லை என்றார்கள். அவர் மறுத்துப் பேசவில்லை.

திரையில் இப்போது அவளே வந்தாள். வீட்டு சோபாவில், சிரித்தபடி.

"அந்த ஒரு மேட்சுக்குப் போனதோட சரி. என் ராசி அப்படிப்பா."

தியேட்டர் சிரித்தது. அவள் நெளிந்தாள். சொன்னது பொய்.

கோவையில் நடந்த இறுதி ஆட்டத்துக்கு அவள் போயிருந்தாள். தங்கை வீட்டுக்கு என்று சொல்லிவிட்டு. தலையோடு சால்வையை இழுத்து மூடி, கேலரி மூலையில் ஒரு தூணுக்குப் பின்னால். தோற்றால் பழி தன்மேல்தான் என்ற பயத்தில், அவருடைய கடைசி ஃப்ரீ த்ரோவின்போது கண்ணை இறுக மூடிக்கொண்டாள். சத்தம் கேட்டுத்தான் ஜெயித்தது தெரிந்தது.

அந்த ஒரு வீச்சைப் பார்க்கத்தான் இன்று வந்திருந்தாள்.

வந்தது.

இரு அணியும் சமம். அவர் ஷூவைத் துடைக்கிறார். பந்தைத் தரையில் தட்டுகிறார். நிறுத்துகிறார். இடப்பக்கம் மேலே நிமிர்ந்து பார்க்கிறார்.

ஸ்கோர்போர்டைப் பார்க்கிறார் என்றது பின்னணிக் குரல்.

இல்லை. ஸ்கோர்போர்டு இருந்தது வலப்பக்கம். இடப்பக்கம் இருந்தது தூண்.

திரையில் அவர் லேசாகச் சிரித்தார். பந்து வளையத்தைத் தொடாமல் உள்ளே விழுந்தது.

இருட்டில் அவர் அவள் காதருகே குனிந்தார்.

"அன்னிக்கு அந்தத் தூண் உனக்கு மறைக்கலையா?"

முதலில் அவளுக்குச் சிரிப்பு வந்தது. சந்தோஷமாகவும் இருந்தது. தன்னைப் பார்த்துவிட்டுத்தான் போட்டிருக்கிறார்.

பிறகு உறைத்தது.

அதற்கப்புறமும் அவர் பல வருடம் ஆடினார். ஒவ்வொரு ஆட்டத்துக்கும் அவள் வாசல்வரை வந்து வழியனுப்பினாள். ஒருநாளும் அவர் வா என்று கூப்பிடவில்லை. அணியில் யாரிடமும் சொல்லவும் இல்லை. அவள் ராசி அப்படியே இருந்தது.

அவர் கைக்கடியிலிருந்து தன் கையை எடுத்துக்கொண்டாள்.

விளக்குகள் எரிந்தன. எல்லோரும் எழுந்து நின்று அவருக்குக் கை தட்டினார்கள். இயக்குநர் அவளிடம் வந்து, படத்தில் ஏதாவது மாற்றணுமா அம்மா என்று ஒரு பேச்சுக்குக் கேட்டார்.

"நான் பேசினதை மட்டும் திரும்ப எடுக்கணும் தம்பி. இந்தத் தடவை இவரும் பக்கத்துல உக்காரட்டும்."