செங்கமலம் டீச்சர் பாலத்தைக் கடந்தார்

இதில் ஒரு சொல் பொய்யென்றாலும் என் நாக்கு அழுகிப் போகட்டும். அமைச்சர் ஆற்றங்கரையில் ரிப்பன் வெட்டிப் புதுப் பாலத்தைத் திறந்து வைத்தபோது, கூட்டத்தில் நின்ற செங்கமலம் டீச்சர், "எல்லாம் சரிங்க, பாலம் எங்கே?" என்று கேட்டுவிட்டார். சாயங்காலமே மனநல மருத்துவமனையில் சேர்த்துவிட்டார்கள். இருப்பது கண்ணுக்குத் தெரியாத வியாதியாம். அக்கரையில் மகளுக்கு நிறைமாதம். டீச்சர் போயே ஆகவேண்டும். டாக்டரோ தினமும் ஊசி போட்டுவிட்டு, வெறும் தண்ணீர் ஓடும் போட்டோவை நீட்டி, "பாலம் தெரியுதா, டீச்சர்?" என்பார்.

"தண்ணிதான் தெரியுது. உங்களுக்கு?"

"எனக்கு ரெண்டு பிள்ளைங்க இருக்கு, டீச்சர். நல்லாவே தெரியுது."

மகளுக்கு வலி கண்டுவிட்டதென்று போன் வந்த காலையில், டீச்சர் போட்டோவை வாங்கி உற்றுப் பார்த்தார். "அடேயப்பா, கைப்பிடிக்கு நீலப் பெயின்ட்கூட அடிச்சிருக்காங்களே!"

குணமாகிவிட்டது. ஆனால் மேலிடம் நம்ப வேண்டுமே. டாக்டரே ஜீப்பில் கரைவரை கூட்டிவந்து, "பாலத்து மேலேயே நடந்து போங்க டீச்சர், போலீஸ்காரங்க பார்க்கிறாங்க" என்றார். புதுப் பாலம் அழுக்காகிவிடக் கூடாதென்று டீச்சர் செருப்பைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டார். பெருக்கெடுத்த ஆற்றுக்கு மேலே, அந்தரத்தில், விறுவிறுவென்று நடந்தார். பாதியில் திரும்பி, "வாங்களேன் டாக்டர், காத்து நல்லா வருது!" என்று கூப்பிட்டார். டாக்டர் ஜீப்பைவிட்டு இறங்கவில்லை. அக்கரையில் பேத்தியைக் கையில் வாங்கியபோது டீச்சரின் புடவை ஓரம்கூட நனைந்திருக்கவில்லை.

டீச்சரின் உடல் ஆற்றின் கீழ்ப்பக்கத்துத் தடுப்பணை மதகில் சிக்கிக் கிடந்தது.