ஒன்று புள்ளி ஒன்பது ஏழு

“கரிசல்ல பொறந்த ஆம்பளை எவனும் தசமப் புள்ளிக்குப் பயப்பட மாட்டான்” என்று சுந்தரபாண்டி முழங்கியபோது, அவனுடைய இடது கை இசக்கியின் சட்டைக் காலரைப் பிடித்திருந்தது. வலது கை அப்போதுதான் அறைந்து முடித்திருந்தது.

இசக்கியின் மூக்கிலிருந்து ஒரு சொட்டு ரத்தம், அவன் போட்டுக்கொண்டிருந்த கணக்கின் மேல் விழுந்தது. சரியாகக் கூட்டல் தொகையின் மேல் விழுந்துவிட்டதால், அவன் மறுபடியும் முதலிலிருந்து கூட்ட வேண்டியிருந்தது.

கோவில்பட்டிக்கு வெளியே இருந்த அந்த விவசாயக் கல்லூரியின் செமஸ்டர் முறை அப்படி. எழுதிய பரீட்சை அத்தனையையும் சேர்த்து, நாலுக்கு இரண்டு சராசரி வந்தால் பட்டம். ஒன்றரைக்கும் இரண்டுக்கும் நடுவில் நின்றால், விடுதியிலேயே தங்கி இன்னொரு செமஸ்டர் படிக்கலாம். ஒன்றரைக்குக் கீழே போனால் பெட்டியைக் கட்டிவிட வேண்டும்.

நாலு வருடப் படிப்பில் இசக்கிக்கு இது ஆறாவது வருடம். சராசரி, ஒன்று புள்ளி ஒன்பது ஏழு.

“ஆறு வருசமா பென்சிலைச் சீவுத. இன்னும் ரெண்டைத் தொட வக்கில்ல. ஒனக்கெல்லாம் எதுக்குல கணக்கு?”

“கணக்குப் பாக்காம எப்படி எழுதுதது?” இசக்கி மூக்கைத் துடைத்துக்கொண்டான். “கூடுனாலும் ஆபத்து, கொறஞ்சாலும் ஆபத்துல்லா.”

“கூடுனா என்னல ஆபத்து, கூமுட்டை!” இரண்டாவது அறை விழுந்தது.

வார்டன் நல்லவர். ஒரே ஊர்ப் பையன்கள், பேச்சுத் துணைக்கு ஆகும் என்று இருவருக்கும் ஒரே அறையைக் கொடுத்திருந்தார். ஒரு பருத்திக்காட்டு வரப்புக்காக இருவர் குடும்பமும் பதினைந்து வருடமாக வெட்டிக்கொள்வது அவருக்குத் தெரியாது. பக்கத்துக்கு மூன்று பிணம் விழுந்திருந்தது. கடைசி ஆளைக் கல்யாணப் பந்தியில், பாயசம் ஊற்றும்போது வெட்டினார்கள்.

ஆனாலும் இரண்டும் நியாயம் தெரிந்த குடும்பங்கள். படிக்கிற பிள்ளை மேல் இரும்பு படக் கூடாது, படிக்கிற பிள்ளையும் இரும்பைத் தொடக் கூடாது என்று சுடலைமாடன் கோயிலில் சூடம் அணைத்துச் சத்தியம் செய்திருந்தார்கள். கை இரும்பில்லை என்பதால், சுந்தரபாண்டி கையை மட்டும் பயன்படுத்தி வந்தான்.

“நான் ரெண்டு புள்ளி ஒண்ணுல நிக்கேன். அடுத்த வாரம் பரீட்சை, அதோட படிப்பு முடிஞ்சுது. மறுநாளே ஒங்க சித்தப்பன் தலை எங்க வீட்டு வாசல்ல உருளும். எழுதி வச்சுக்க, ஒன் பென்சிலாலயே!”

புதன்கிழமை காலை, முதல் பஸ்ஸில் சுந்தரபாண்டியின் மாமா சாமித்துரை வந்து இறங்கினார். அவருடைய வெள்ளைச் சட்டை இடுப்புவரை காய்ந்த ரத்தத்தில் விறைத்து நின்றது. விடுதி வாசலில் ஒரு செம்புத் தண்ணீர் வாங்கிக் குடித்துவிட்டு, விதைப்பு பற்றிச் சொல்வதுபோல மருமகனிடம் நிதானமாகச் சொன்னார்.

“நேத்து சாயங்காலம் ஒங்க அண்ணன் தங்கச்சாமியப் பருத்திக்காட்டுல மறிச்சுட்டானுவ. வெட்டுனது இசக்கியோட சித்தப்பன்தான். வலது கை முழங்கையோட போச்சு. நான் போய்ப் பாக்கும்போது, மண்ணுல கெடந்த கையில வெரலு இன்னும் ஆடிக்கிட்டு இருந்துச்சு.”

சுந்தரபாண்டி தன் வலது முழங்கையைத் தடவிக்கொண்டான்.

“உசுருக்கு ஒண்ணுமில்ல, பெரியாஸ்பத்திரில கெடக்கான். ஆனா இனி அவனால அரிவாளப் பிடிக்க ஏலாது. நம்ம பக்கம் மிச்சம் இருக்க வாலிபக் கை ஒன்னோடது ஒண்ணுதான். ஒங்க அம்மை முப்பிடாதி சோறு தண்ணி இல்லாம ஒன் வழியப் பாத்துக்கிட்டு இருக்கா.”

“மாமா… அவனுவ?”

“அவனுவளும் ஒன் படிப்பு முடியத்தான் காத்துக்கிட்டு இருக்கானுவ. ஒனக்குன்னே தனியா ஒண்ணு தீட்டி வச்சிருக்கானுவளாம். நீ நல்லா எழுதி, படிப்ப முடிச்சுட்டு நேரா வந்துரு மாப்ளே.” தோளைத் தட்டிக் கொடுத்துவிட்டு அடுத்த பஸ்ஸைப் பிடித்தார்.

சுந்தரபாண்டி மாடிப்படி ஏறுவதற்குள் செய்தி விடுதி முழுக்க ஏறிவிட்டது. அவன் அறைக்குள் போனான். உள்தாழ்ப்பாள் விழும் சத்தம் கேட்டது. அறைக்குள் இசக்கி தனியாக இருந்தான்.

வராந்தாவில் நாற்பது பேர் கூடி மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றார்கள். மெஸ் செயலாளர் வேணுகோபால் மட்டும் பொறுப்பாக, “ஏலே, ஒரு கயித்துக் கட்டிலை எடுத்துட்டு வாங்க. தூக்கிட்டுப் போக வேண்டியிருக்கும்லா” என்றான்.

உள்ளே, இசக்கி சுவரோடு சுவராக ஒட்டி நின்றான். சுந்தரபாண்டி அவன் கையை எட்டிப் பிடித்தான்.

அவன் இசக்கியின் விரல்களுக்குள் இருந்த பென்சிலை மெதுவாக உருவினான். தரையில் உட்கார்ந்தான். வெள்ளைத்தாள் ஒன்றை எடுத்துத் தன் பெயரை எழுதி, அதற்குக் கீழே இரண்டு புள்ளி ஒன்று என்று போட்டான். கதவைத் திரும்பிப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்திக்கொண்டான்.

“அண்ணாச்சி… ரெண்டைத் தொடாம நிக்கணும்னா, நான் எத்தனை கேள்விய விடணும்?”