சவிரிமுத்து செத்த திகதி

கதவுத் துவாரத்தால் பார்த்தேன். அல்பொன்ஸ் நின்றார். கோட்டில் கட்சி நிறத்தில் ஒரு துணிப்பூ. கூட ஒருவரும் இல்லை.

அதுதான் எனக்கு இடித்தது. இடைத்தேர்தலில் நிற்கிற ஆள் லண்டனில், இந்த மிச்சம் பகுதியில், ஒரு வீட்டுக்குத் தனியாக வருவாரா?

இருபத்தொரு வருடத்துக்கு முன் என் அகதி வழக்கை வாதாடியவர் அவர். பெயரைக் கேட்டு, மன்னார்ப் பக்கத்துக் கத்தோலிக்கத் தமிழர் என்று நம்பிப் போனேன். போனால் கரீபியன் கடலில் இருக்கிற சென் லூசியாத் தீவுக்காரர். கோழிக்கடைக்கு மேலே ஒற்றை அறையில் அலுவலகம். பிறகு கவுன்சிலர் ஆனார். இப்போது பாராளுமன்றம் கேட்கிறார்.

என் வழக்கில் ஒரு பொய் இருந்தது.

வீடு எரிந்தது உண்மை. என்னைப் பிடித்து அடித்ததும் உண்மை. ஒரு சாவு இல்லாவிட்டால் பைலைத் திறந்தே பார்க்க மாட்டார்கள் என்று பலரும் பயமுறுத்தினார்கள். அதனால் அண்ணை சவிரிமுத்துவை இராணுவம் சுட்டுவிட்டது என்று எழுதிக் கொடுத்தேன். அண்ணை அப்போது பாரிஸில் ஓர் உணவகத்தில் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தார்.

பிறகு பிரெஞ்சுப் பாஸ்போர்ட்டோடு லண்டனுக்கு வந்தார். இந்த நிமிடம் என் குசினியில் தேநீர் போட்டுக்கொண்டிருக்கிறார்.

பிடிபட்டால் என் குடியுரிமையைப் பறிப்பார்கள். மனைவி றூபினியின் கடதாசிகளும் அதை நம்பித்தான் நிற்கின்றன.

திறக்காமல் விட்டால் இன்னும் சந்தேகம் வரும். திறந்தேன்.

வந்து சோபாவில் இருந்தார். வாக்குக் கேட்கவில்லை. சுவரில், மகள் மாதா கோயிலில் முதல்நன்மை வாங்கிய நாளில் எடுத்த படம் தொங்கியது. அதில் அண்ணை என் தோளில் கை போட்டபடி நிற்கிறார். அல்பொன்ஸ் அதையே பார்த்துக்கொண்டிருந்தார்.

பிறகு கேட்டார், என் அண்ணன் எந்தத் திகதியில் இறந்தார் என்று.

வாக்குமூலத்தில் ஏதோ ஒரு திகதி எழுதினேன்தான். மறந்துவிட்டது. அண்ணன் செத்த நாளை எந்தத் தம்பி மறப்பான்? கோழிக்கடைக் கட்டிடம் இடிபட்டபோது பழைய பைல்களும் போய்விட்டன என்றார். நான் நம்பவில்லை. வக்கீல் புத்தி. சோதிக்கத்தான் வந்திருக்கிறார்.

கோட்டுப் பைக்குள் கை விட்டார்.

வந்தது ஒரு கத்தோலிக்கக் கோயில் உறை. நவம்பர் மாதத்தில், இறந்துபோன நம்மவர்களின் பெயரை எழுதிப் பீடத்தடியில் வைக்கிற உறை. நாங்களும் வைப்போம்.

முதலில் அவருடைய தாயின் பெயர். அடுத்தது தகப்பன். மூன்றாவதாக, சவிரிமுத்து.

வருடா வருடம் எழுதுகிறாராம். நான் அன்று சொன்ன அந்தச் சாவுதான் தன்னை அரசியலுக்கு இழுத்தது என்றார். இந்த முறை தேர்தலுக்கு முதல் அண்ணைக்குப் பெயர் சொல்லி ஒரு பூசை ஒப்புக்கொடுக்க ஆசையாம். செத்த நாளிலேயே கொடுக்க முடிந்தால் நல்லது என்றார்.

வெட்கத்தில் செத்துவிடலாம் போல் இருந்தது. இந்த மனிதரையா இவ்வளவு நேரமும் சந்தேகித்தேன்?

"தம்பி, வந்தவருக்குச் சீனி போடுறதோ?"

கேட்டுக்கொண்டே அண்ணை தட்டோடு வந்துவிட்டார். உறையைப் பார்த்தார். தன் பெயரை வாசித்தார். என் முகத்தை ஒருமுறை பார்த்தார்.

தட்டை வைத்துவிட்டு, தான் என் மகளின் ஞானத்தகப்பன் என்று ஆங்கிலத்தில் சொன்னார். அது உண்மை. சவிரிமுத்துவைத் தனக்கும் தெரியும், தங்கமான மனிதர் என்றார். அல்பொன்ஸின் கேள்வி குசினிக்குக் கேட்டிருக்க வேண்டும்; தன்னைக் கேட்காமலே திகதியையும் சொன்னார். தொண்ணூற்றொன்பதாம் ஆண்டு, நவம்பர் பதினேழு.

ஒரு கணம்கூட யோசிக்கவில்லை.

அல்பொன்ஸ் எழுதிக்கொண்டார். அடுத்த கிழமைதானே, கட்டாயம் வாருங்கள் என்று எங்கள் இருவரின் கையையும் பிடித்துச் சொல்லிவிட்டுப் போனார்.

கதவைச் சாத்திவிட்டு, அந்தத் திகதி எங்கேயிருந்து வந்தது என்று கேட்டேன்.

அல்பொன்ஸ் குடிக்காமல் விட்ட தேநீரை அண்ணை எடுத்தார்.

"பாரிஸிலை, என்ரை கேஸிலை நீ செத்த நாளடா."