இலையைத் தொடாதே

"கையை ஆட்டாதீங்க. காடி போட்டுத் தேய்ச்சும் போக மாட்டேங்குது இந்தக் கரி!"

ஒட்டோகர் பிரபுவின் வலது பெருவிரலை அவர் மனைவி ஹெட்விகா புளித்த காடியில் நனைத்த துணியால் தேய்த்துக்கொண்டிருந்தாள். விரல்தான் சிவந்தது, கரி போகவில்லை.

"எதை வேணும்னாலும் பண்ணுங்க. இப்ப வரப்போற அந்த மனுஷன் எதிர்ல இலை மேல மட்டும் விரல் வைக்காதீங்க!"

"நாப்பது வருஷமா ஊருக்கெல்லாம் அதைச் சொன்னவனே நான்தான்டீ. எனக்கே பாடமா?"

உண்மைதான். நிலக்கரிச் சுரங்கத்துக் கற்பலகைகளில், என்றோ உதிர்ந்த இலை மெல்லிய கரியாக ஒட்டியிருக்கும். விரல் பட்டால் கையோடு வந்துவிடும். தூசி தட்டிய வேலைக்காரியையும், வேடிக்கை பார்க்க வந்த பிஷப்பையும் ஒரே மாதிரி அதட்டியவர் பிரபு. அப்போது கண் இருந்தது.

இப்போது ஒன்றரை வருடமாகச் சுத்த இருட்டு. விஷயம் புருஷன் பெண்டாட்டியைத் தாண்டிப் போகவில்லை. புதிதாக ஒரு கல் வந்தால் முதலில் அவள் பார்த்து வரைந்துகொள்வாள். பிறகு அவர் மனசைக் கல்லாக்கிக்கொண்டு, இலையை விரலால் தடவிப் பெயர் சொல்வார்.

போஹிமியாவின் கல்லிலைகளைப் பற்றிய அவருடைய புத்தகத்தில் ஏழு பாகம் வந்தாயிற்று. கடைசிப் பாகம்தான் பாக்கி. வேலை எப்படிப் போகிறது என்று பார்த்துவர, பிராக் நகரத்து அறிவியல் சபை பேராசிரியர் ஹத்ராவாவை அனுப்பியிருந்தது. பிரபுவுக்குக் கண் தெரியாது என்று தெரிந்தால் புத்தகம் வேறு யார் கைக்காவது போய்விடும். அப்புறம் இந்த மனிதர் எதற்காகக் காலையில் எழுந்திருப்பார்?

வாசலில் வண்டி வந்து நின்றது.

பேராசிரியர் தன் மகள் லுட்மிலாவின் கையைப் பிடித்தபடி உள்ளே வந்தார். "அப்பாவுக்கு முழங்கால் சரியில்லைங்க," என்றாள் அந்தப் பெண், யாரும் கேட்காமலே.

பிரபு மேசைக்குப் பின்னால் தயாராக உட்கார்ந்திருந்தார். எட்டுக் கற்களை ஹெட்விகா வரிசையாக அடுக்கி, வரிசையை அவருக்கு மனப்பாடமாக்கியிருந்தாள்.

"இடது ஓரத்துல பெரணி. பக்கத்துல செதில் மரத்துப் பட்டை, பாருங்க," என்று பிரபு விரல் நீட்டினார். குறி தப்பவில்லை.

"அடடா! கண்கொள்ளாக் காட்சி!" என்றார் பேராசிரியர்.

எட்டுக் கல்லும் நல்லபடியாக முடிந்தன. ஹெட்விகாவுக்குப் போன உயிர் திரும்பி வந்தது. அதற்குள் பேராசிரியர் கோட்டுப் பையிலிருந்து பஞ்சில் சுற்றிய ஒன்பதாவது கல்லை எடுத்தார்.

"பிரபு, மூணு மாசமா இது என்னைத் தூங்க விடல. என்ன இலைன்னு நீங்கதான் சொல்லணும்."

"காபி ஆறுதே! முதல்ல கசகசா அப்பம் சாப்பிடுங்க," என்று ஹெட்விகா குறுக்கே பாய்ந்தாள்.

"ஆமாப்பா, கல்லு எங்க போகுது? அப்புறம் பார்க்கலாமே," என்றாள் லுட்மிலாவும். அவள் முகம் ஏனோ வெளுத்திருந்தது.

பிரபு கையை நீட்டிவிட்டார். கல் கைக்கு வந்ததும் அவருக்கு மனைவி, சபை, காடி எல்லாமே மறந்துபோயிற்று. பெருவிரல் நேராக இலையின் மேல் போய் உட்கார்ந்து, காம்பிலிருந்து நுனி வரை மெதுவாக ஊர்ந்தது.

ஹெட்விகா கண்ணை மூடிக்கொண்டாள். கல்லிலை தெரிந்த எவனும் இந்நேரம் மேசை மேல் ஏறிக் கத்தியிருப்பான்.

சத்தமே இல்லை. கண்ணைத் திறந்தால், பேராசிரியர் பிரபுவைப் பார்த்துப் புன்னகைத்துக்கொண்டிருந்தார். மரியாதைக்காக வாயை மூடிக்கொண்டிருக்கிறாரா? எல்லாவற்றையும் சபைக்குப் போய்ச் சொல்லப்போகிறாரா?

"இது பெரணியே இல்ல ஐயா," என்றார் பிரபு. "நடு நரம்பு கிடையாது. அடியிலிருந்தே விசிறி மாதிரி பிரியுது. புது ஜாதி!"

"எனக்கும் அதேதான் தோணிச்சு! சொல்லத்தான் தைரியமில்ல," என்று பேராசிரியர் குழந்தையைப் போலக் குதூகலித்தார். "கடைசிப் பாகத்தை உங்களைத் தவிர வேற யாரால முடிக்க முடியும்? சபைக்கு இன்னிக்கே எழுதிடறேன்."

ஹெட்விகாவுக்கு நம்பிக்கை வரவில்லை. மேசைக்கடியில் பிரபுவின் கறுத்த விரலைக் கைக்குட்டையால் துடைத்துவிட்டாள். இவ்வளவு பெரிய தப்பைப் பார்த்துவிட்டு ஒருவர் சும்மா போவாரா?

விடைபெறும்போது, வழக்கப்படி வீட்டுத் தலைவியின் கையில் முத்தமிடப் பேராசிரியர் குனிந்தார். அவருடைய கையுறையைக் கழற்றி, ஹெட்விகாவின் கையை எடுத்து அவர் கையில் வைத்தவள் லுட்மிலா.

அப்போதுதான் அவருடைய பெருவிரல் ஹெட்விகாவின் கண்ணில் பட்டது. ரேகைக்குள், நகத்தடியில் எல்லாம், காடி போட்டுத் தேய்த்தாலும் போகாத நாள்பட்ட கரி.

அவள் நிமிர்ந்து பார்த்தாள். லுட்மிலா பதறிப்போய்க் கையுறையை அப்பாவின் கையில் திரும்ப மாட்டிவிட்டு, ஹெட்விகாவின் காதருகே வந்து கெஞ்சினாள்:

"ரெண்டு வருஷமாச்சும்மா, அப்பாவுக்குப் பார்வை போய். பிரபுகிட்ட மட்டும் சொல்லிடாதீங்க!"